ஆடினவர் வாழ்க்கையை யார் எழுதுவது?

"மகள் ஒன்பதாம் வகுப்பு. ஆறு வயதிலிருந்து பரதம் கற்றுக்கொள்கிறாள். பிறந்தநாளுக்கு நடனக் கலைஞர் ஒருவரின் வாழ்க்கை வரலாறு வாங்கித் தரலாமென்று கடையில் நாலைந்தைப் புரட்டினேன். எல்லாமே பொன்னாடைப் பேச்சு. விருது, விமானம், வெளிநாடு, மறுபடி விருது. ஆட்டத்தைப் பற்றி உருப்படியாக ஒரு பக்கம் இல்லை. இந்தப் புத்தகங்களைப் படிப்பதைவிட பேசாமல் ஒரு கச்சேரிக்குக் கூட்டிப்போவதே மேல் என்று தோன்றுகிறது. நான் நினைப்பது தப்பா?"
மடிப்பாக்கத்திலிருந்து ஒரு தாய்

டிசம்பர் 9, இரவு

பாதி சரி. பொன்னாடைப் புத்தகங்கள் மூட்டை மூட்டையாக இருக்கின்றன, அதை மறுக்கமாட்டேன். ஆனால் பரதக் கலைஞர் பாலசரஸ்வதியைப் பற்றி டக்ளஸ் நைட் எழுதியதை அந்த மூட்டையில் சேர்க்காதீர்கள். 2010-இல் ஆங்கிலத்தில் வந்தது, தமிழிலும் வந்திருக்கிறது. காலையில் ஒத்திகை இருக்கிறது, மீதியை நாளைக்கு எழுதுகிறேன்.

டிசம்பர் 10

நான் நடனத்துக்குப் பாடுகிறவள். மேடை ஓரத்தில், நட்டுவாங்கம் பண்ணுகிறவருக்கு, அதாவது தாளம் தட்டி ஜதிச் சொற்கள் சொல்லி ஆட்டத்தை நடத்துகிற நட்டுவனாருக்கு, அடுத்த இடம் எனக்கு. சபையில் இருப்பவர்களுக்குத் தெரிகிற முகம் எனக்குப் பாதி நேரம் தெரியாது. எனக்குத் தெரிவது முதுகும் குதிகாலும். வர்ணம் என்கிற நீண்ட உருப்படியில் மூன்றாவது தீர்மானம் (ஜதிக்குக் கால் தட்டி ஆடுகிற கோர்வை) வரும்போது சலங்கை ஒலி தாளத்துக்கு ஒரு இழை பிந்தி வந்தால் அந்தப் பெண்ணுக்கு மூச்சு வாங்குகிறது என்று அர்த்தம். முகத்தில் அப்போதும் சிரிப்பு இருக்கும். நட்டுவனார் என்னைப் பார்ப்பார், நான் அடுத்த அடியை இன்னொரு முறை நிரவலாக எடுத்துப் பாடுவேன். அவள் நின்று அபிநயம் பிடித்து மூச்சைத் திரும்ப வாங்கிக்கொள்வாள். முன் வரிசையில் யாருக்கும் தெரியாது.

வாழ்க்கை வரலாற்றிலும் நான் தேடுவது இந்த ஓரத்து விஷயங்களைத்தான். வாத்தியார் எத்தனை மணிக்கு வந்தார், எங்கே உட்கார்ந்தார், யார் பாடினார், அடவு தப்பினால் என்ன நடந்தது, கால் வீங்கினால் யார் ஒத்தடம் கொடுத்தார்கள். இதெல்லாம் இல்லாத புத்தகத்தில் ஆடினவர் இல்லை, ஆடினவருடைய நிழற்படம்தான் இருக்கிறது.

பாலா, அதாவது பாலசரஸ்வதி, புத்தகத்தில் இது இருக்கிறது. 1918-இல் சென்னையில் பிறக்கிறார். பாட்டி வீணை தனம்மாள். ஜார்ஜ் டவுன் வீட்டில் வெள்ளிக்கிழமை சாயங்காலம் அந்தம்மா வாசித்தால் ஊரில் பெரிய வித்வான்களெல்லாம் வாய்மூடிக் கேட்டிருக்கிறார்கள். அந்த வீட்டுச் சத்தத்தில் வளர்ந்த குழந்தை. அம்மா ஜயம்மாள் பாடகி. குரு கந்தப்பா பிள்ளை, பரத நிகழ்ச்சி முறையை வகுத்த தஞ்சை நால்வர் வழி வந்தவர். 1925-இல், ஏழு வயதில், காஞ்சிபுரத்தில் அம்மன் கோயிலில் அரங்கேற்றம். அந்தக் காலத்தில் ஒரு பெண் குழந்தையை ஆட விடுவதென்றால் குடும்பத்துக்குள்ளேயே எதிர்ப்பு. ஜயம்மாள் அதை மீறினார். அப்புறம் மகள் ஆட, தாயே பக்கத்தில் இருந்து பாடினார். நான் தொழிலாகச் செய்வதை அந்தம்மா பெற்ற பிள்ளைக்குச் செய்திருக்கிறார். அந்தப் பக்கங்களைப் படிக்கும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்ளும்.

1973-இல் மியூசிக் அகாடமி பாலாவுக்கு சங்கீத கலாநிதி கொடுத்தது. பாட்டுக்காரர்களுக்கான பட்டம் அது. பதம் (அபிநயத்துக்கான மெதுவான பாட்டு) ஆடும்போது தானே பாடி ஆடினவர் என்பதால் அதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

டிசம்பர் 13

ஒரு சார் கேட்கிறார்: "நைட் பாலாவின் மருமகன். மருமகன் எழுதினால் நடுநிலை எங்கிருந்து வரும்?"

நியாயமான கேள்விதான். நானும் யோசித்திருக்கிறேன். ஆடுகிறவர்கள் வாழ்க்கையைப் பெரும்பாலும் கூட இருந்தவர்கள்தான் எழுதியிருக்கிறார்கள். ருக்மிணி தேவியைப் பற்றி எழுதிய லீலா சாம்சன் அவர் தொடங்கிய கலாக்ஷேத்ரா நடனப் பள்ளியிலேயே படித்தவர், பிறகு அதன் இயக்குநராகவும் இருந்தவர். ரஷ்யாவின் பாலே கலைஞர் நிஜின்ஸ்கியைப் பற்றி முதலில் எழுதியது அவர் மனைவி ரோமோலா.

நிஜின்ஸ்கி கதையைத் தெரிந்துகொண்டால் சார் கேட்பதன் கனம் புரியும். 1913 மே 29, பாரிஸ். அவர் அமைத்த புது நடனம் மேடையேறுகிறது. சபையில் கூச்சல், அடிதடி. ஆடுகிறவர்களுக்கு வாத்தியமே கேட்கவில்லை. நிஜின்ஸ்கி பக்கத்திரைக்குப் பின்னால் நாற்காலி மேல் ஏறி நின்று எண்ணிக்கையைக் கத்திக் கத்திச் சொல்கிறார். நம்ம பாஷையில் சொன்னால் நட்டுவாங்கம் பண்ணியிருக்கிறார். ஆறு வருஷம் கழித்து, 1919 தொடக்கத்தில், சுவிட்சர்லாந்தில் மனம் குலைகிற தறுவாயில் ஒரு நாட்குறிப்பு எழுதினார். அதை ரோமோலா 1936-இல் வெளியிட்டார், தனக்கு ஒவ்வாததையெல்லாம் வெட்டிவிட்டு. முழுசாக வெளியே வந்தது 1990-களில்தான். அதற்குள் அவர் இறந்தே நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. தன் வாயால் சொன்னதையே வேறொருவர் கத்தரித்து, உலகம் அதையே அவர் என்று நம்பியது.

ஆக, வீட்டு மனிதர் எழுதினால் ஆபத்து உண்டு. ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நைட்டை மருமகன் என்று மட்டும் பார்த்தால் முக்கியமான ஒன்று விட்டுப்போகிறது. அவர் மிருதங்கக்காரர். பாலாவின் தம்பி ரங்கநாதனிடம் கற்றவர், பாலாவின் ஆட்டத்துக்கு வாசித்தவர். ஓரத்தில் உட்கார்ந்து குதிகாலைப் பார்த்தவர். அந்தப் புத்தகம் நன்றாக இருப்பதற்கு உறவைவிட இதுதான் காரணம் என்பது என் தீர்மானமான எண்ணம்.

டிசம்பர் 14

மேலே எழுதியதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். ஒரே ஆளைப் பற்றி இரண்டு புத்தகம் கிடைத்தால் இரண்டையும் படித்துவிடுங்கள். அமெரிக்காவின் நவீன நடனக் கலைஞர் மார்த்தா கிரஹாம் 1991-இல் காலமானார், 96 வயது. அந்த வருஷமே அவருடைய தன்வரலாறும் வந்தது, அவர் தோழி ஆக்னஸ் டி மில் எழுதிய வரலாறும் வந்தது. டி மில்லும் நடனம் அமைத்தவர். மார்த்தா தன்னை ஒரு பூசாரிணி மாதிரி காட்டிக்கொள்கிற இடங்களில் டி மில் ஒத்திகைக் கூடத்தின் வியர்வையையும் சண்டையையும் காட்டுகிறார். இரண்டுக்கும் நடுவில்தான் ஆள் தென்படுகிறார்.

பாலாவையும் ருக்மிணி தேவியையும் அப்படியே அடுத்தடுத்துப் படிக்கலாம். இரண்டிலும் மயிலாப்பூர் கௌரி அம்மாள் வருவார். கபாலீசுவரர் கோயிலில் ஆடினவர். இந்த இருவருக்குமே அபிநயம் சொல்லிக்கொடுத்தவர். பரதம் எப்படி இருக்க வேண்டும் என்பதில் எதிரும் புதிருமாக நின்ற இரண்டு பேருக்கு ஒரே ஆசான். கௌரி அம்மாளைப் பற்றித் தனியாக ஒரு தடித்த புத்தகம் கையில் கிடைத்தால் நான் அன்றைக்கு அடுப்பே பற்றவைக்கமாட்டேன்.

டிசம்பர் 18

சீசன் தொடங்கியாச்சு, தொண்டைக்கு மிளகுப்பால். சுருக்கமாக எழுத உட்கார்ந்தேன், வராது போலிருக்கிறது.

"உயிரோட்டமான சம்பவம் ஒன்றாவது சொல்லுங்கள்" என்று மடிப்பாக்கத்துத் தோழி கேட்டிருந்தார். நடனக் கலைஞர் சந்திரலேகாவைச் சொல்கிறேன். ருஸ்தம் பரூச்சா அவரைப் பற்றி எழுதிய புத்தகம் 1995-இல் வந்தது. காஞ்சிபுரம் எல்லப்பா பிள்ளையின் மாணவி. 1952-இல் அரங்கேற்றம், ராயலசீமா வறட்சி நிதிக்காக. 'மதுரா நகரிலோ' ஆடுகிறார். யமுனையில் தண்ணீர் விளையாட்டு, நீரை வாரி இறைக்கிற கை. அந்த நொடியில் பத்திரிகையில் பார்த்த ராயலசீமா படங்கள், வெடித்த நிலம், கண்முன் வந்துவிடுகின்றன. இந்தக் கை இல்லாத தண்ணீரை இறைக்கிறது, அங்கே குடிக்கவே இல்லை. அந்த முரண் அவரை விடவே இல்லை. பிற்பாடு நெடுநாள் மேடையை விட்டு விலகியிருந்து, 1985-இல் 'அங்கிகா'வோடு திரும்பினார். களரியும் யோகமும் சேர்ந்த, தெய்வக் கதைகளைக் கழற்றிவிட்ட ஆட்டம். பெசன்ட் நகர் கடற்கரை வீட்டிலிருந்து கடைசிவரை வேலை செய்து 2006-இல் மறைந்தார்.

2019 கோடை இந்த ஊரில் இருந்தவர்களுக்கு ஞாபகம் இருக்கும். செம்பரம்பாக்கம், பூண்டி, செங்குன்றம், சோழவரம் எல்லாம் வறண்டு, ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வந்த வருஷம். ஆதம்பாக்கத்தில் ஒரு வீட்டு மாடியில் ஒத்திகை. ஆனந்தபைரவி ராகத்து அதே 'மதுரா நகரிலோ'தான். சின்னப் பெண் கையைக் குவித்து யமுனையை அள்ளுகிறாள், கீழே தெருவில் லாரி ஹாரன். ஆடினவள் அப்படியே நின்றாள். டீச்சர் தாளத்தைக் கீழே வைத்தார். எல்லாரும் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஓடினோம், சலங்கையோடு அவளும். திரும்பி வந்து விட்ட இடத்திலிருந்து எடுத்தபோது அந்தப் பெண் தண்ணீரை வாரின விதமே மாறியிருந்தது. விரல் இடுக்கில் ஒழுகாமல் இறுக்கிப் பிடித்தாள். டீச்சர் திருத்தவில்லை. நானும் அந்த அடியைத் திரும்பத் திரும்பப் பாடினேன். சந்திரலேகாவைப் பற்றி அதற்கு முன்பே படித்திருந்தேன், ஆனால் அந்தப் பக்கம் எனக்கு விளங்கியது அன்றைக்குத்தான்.

டிசம்பர் 22

"நீங்கள் சொல்கிற ஓரத்து மனிதர்களுக்குப் புத்தகம் உண்டா?" இதற்குத்தான் காத்திருந்தேன்.

உண்டு. பி. எம். சுந்தரம் எழுதிய 'மரபு வழி பரதப் பேராசான்கள்' நட்டுவனார்களைப் பற்றியது. 'மரபு தந்த மாணிக்கங்கள்' ஆடிய பெண்களைப் பற்றியது. இரண்டும் தமிழில்தான். அவர் தவில் மேதை நீடாமங்கலம் மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் மகன். பார்த்தீர்களா, மறுபடியும் வாத்தியக்காரர் வீட்டுப் பிள்ளை. யார் யாருக்கு மகள், யாரிடம் கற்றார், எந்த ஊர்க் கோயில், எந்த வர்ணத்துக்குப் பேர் போனவர் என்று ஊர் ஊராகப் போய்த் திரட்டியிருக்கிறார். வாசிக்கச் சுகமான நடை இல்லை. ஒவ்வொரு ஆளுக்கும் கொஞ்சம் பக்கங்கள்தான். ஆனாலும் இவர் எழுதாமல் இருந்திருந்தால் பல பேருக்குப் பெயரே மிஞ்சியிருக்காது.

நடனம் அமைத்தவர் என்று இன்றைக்குச் சுவரொட்டியில் போடுகிறோமே, அந்த வேலையைச் செய்தவர்கள் நட்டுவனார்கள். பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளை, வழுவூர் ராமையா பிள்ளை, கந்தப்பா பிள்ளை. இன்று உலகமெங்கும் ஆடுகிற ஜதிகளில் எத்தனையோ இவர்கள் வாயில் பிறந்தவை. கந்தப்பா பிள்ளை கடைசிக் காலத்தில் இமயமலைப் பக்கத்து அல்மோராவில் நடனக் கலைஞர் உதயசங்கரின் மையத்தில் சொல்லிக்கொடுக்கப் போனார், 1941-இல் இறந்துபோனார். அவருக்கென்று நாற்பது அத்தியாயத்தில் ஒரு புத்தகம் வேண்டாமா? பாலாவின் வாழ்க்கையில் ஒரு பாத்திரமாக வந்து போகிறார், அவ்வளவுதான்.

ஒரு காலத்தில் சின்ன மேளம் (ஆடுகிறவளும் அவள் வாத்தியக் குழுவும்) என்றால் மொத்தக் குழுவும் ஆடுகிறவளுக்குப் பின்னால் நிற்கும். மிருதங்கத்தை இடுப்பில் கட்டிக்கொண்டு, துத்தி என்கிற சுருதி வாத்தியத்தை ஊதிக்கொண்டு, அவள் முன்னே போனால் முன்னே, பின்னே வந்தால் பின்னே. பிறகு எங்களை ஓரத்தில் உட்கார வைத்தார்கள். மேடை பார்க்க அழகானது, அதில் சந்தேகமில்லை. படம் எடுக்கிறவர் சட்டகத்துக்குள்ளும் அப்புறம் நாங்கள் வரவில்லை. புத்தகத்துக்குள்ளும் அதேதான்.

டிசம்பர் 23

நேற்று எழுதியதில் கோபம் கொஞ்சம் தூக்கலாக இருந்தது. அது நாளுக்கு நாள் கூடுகிற கோபம், குறைக்க மனமில்லை. ஆனால் ஒன்று: எங்களை உட்கார வைத்ததால் பாட்டின் தரம் ஏறியது என்பதையும் சொல்லியாக வேண்டும். நின்றபடி நகர்ந்துகொண்டே பதத்தை விளம்பத்தில், அதாவது மெதுவான காலத்தில், பாட என்னால் முடியாது.

டிசம்பர் 27

சினிமாவுக்குப் போய்விட்டது பேச்சு. போகட்டும், நல்லதுதான்.

1958, 'வஞ்சிக்கோட்டை வாலிபன்'. பத்மினியும் வைஜயந்திமாலாவும் ஆடும் போட்டி. பி. எஸ். வீரப்பா சொன்ன "சபாஷ், சரியான போட்டி" இன்றைக்கும் தெருவில் இரண்டு நாய் சண்டை போட்டால்கூட வாயில் வருகிறது. அந்த ஆட்டத்தை அமைத்தவர் ஹீராலால். பெயரைச் சொன்னால் பத்தில் ஒருவருக்குத் தெரியுமா? ஒருவர் பம்பரமாகச் சுழல, இன்னொருவர் அதற்குப் பதில் சொல்ல, எங்கே யாரை நிறுத்துவது, எந்த அடியில் வேகத்தைக் கூட்டுவது என்று உட்கார்ந்து கணக்குப் போட்ட மூளை அது.

உதயசங்கர் தன் 'கல்பனா' படத்தை எடுத்தது நம்ம ஜெமினி ஸ்டுடியோவில். 1948-இல் வெளிவந்தது. சின்னப் பெண்ணாகப் பத்மினி அதில் ஆடியிருக்கிறார். கிட்டத்தட்ட தன் வாழ்க்கையையே படமாக எடுத்தவர் அவர். எழுதுகிற பழக்கம் இல்லாத ஆடுகிறவர் தன்வரலாற்றை இப்படியும் சொல்லலாம். ஜெமினி மேம்பாலத்தில் பஸ் நிற்கும்போதெல்லாம் அந்தப் படமும், அதே வருஷம் ஜெமினியே எடுத்த 'சந்திரலேகா' படத்தில் முரசு மேல் ஆடுகிறார்களே, அந்தக் காட்சியும் ஞாபகம் வரும்.

சினிமாவில் நடனம் அமைத்த தங்கப்பன் மாஸ்டரிடம் கமல்ஹாசன் உதவியாளராக இருந்தார் என்பது எல்லாருக்கும் தெரியும். தங்கப்பன் மாஸ்டர் யாரிடம் கற்றார், ஒரு நாள் படப்பிடிப்பில் எத்தனை பேரைக் கட்டி மேய்த்தார் என்று கேட்டால் பதில் வராது. கோடம்பாக்கத்து மாஸ்டர்களும் நட்டுவனார்களும் எனக்கு ஒரே வரிசைதான். இதற்கு என் சிநேகிதிகள் சண்டைக்கு வருவார்கள். வரட்டும்.

டிசம்பர் 30

தனிமடலில் வந்த கேள்வி, பெயர் வேண்டாம் என்றார்கள்: "தேவதாசி விஷயமெல்லாம் வருகிற புத்தகத்தைப் பதினாலு வயதுப் பெண்ணிடம் கொடுக்கலாமா?"

கொடுங்கள். அவள் காலில் கட்டுகிற சலங்கை யார் வீட்டிலிருந்து வந்தது என்று அவளுக்குத் தெரிய வேண்டும். 1947-இல் சென்னை மாகாணத்தில் பொட்டுக்கட்டுவதை, அதாவது பெண்களைக் கோயிலுக்கு நேர்ந்துவிடுவதை, தடுக்கும் சட்டம் வந்தது. அதற்காக வாழ்நாள் முழுக்கப் போராடியவர் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி, அவர் தாய் அந்தச் சமூகத்தில் பிறந்தவர். மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரும் அதே வாழ்க்கையை அனுபவித்து வெளியேறியவர். 1936-இல் 'தாசிகள் மோசவலை' நாவலை எழுதினார். அவர்கள் சொன்ன கொடுமை நிஜம். இன்னொரு பக்கம், அந்தக் கலையைத் தவிர வேறு சொத்தில்லாத பெண்கள் மேடையை இழந்தார்கள், அதுவும் நிஜம். அதே காலத்தில் மியூசிக் அகாடமி 1931-இல் தேவதாசி மரபில் வந்த கல்யாணியின் மகள்களை ஆட வைத்தது. இ. கிருஷ்ண ஐயர் வக்கீல் தொழிலோடு இந்தக் கலைக்காக ஊர் ஊராகப் பேசினார். சில வருஷத்துக்குள் ஆடுகிறவர்கள் வேறு வீட்டுப் பெண்களாகிவிட்டார்கள்.

இரண்டு நிஜத்தையும் பெண்ணுக்குப் படிக்கக் கொடுத்துவிட்டு, அப்புறம் அவளோடு உட்கார்ந்து பேசுங்கள். ஒன்றை மட்டும் கொடுத்தால் ஒன்று வெறுப்பாள், இல்லாவிட்டால் பெருமையடித்துக்கொள்வாள்.

விராலிமலை முத்துக்கண்ணம்மாளுக்கு 2022-இல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். முருகன் கோயிலில் ஆடிய முப்பத்திரண்டு பேரில் மிஞ்சியவர். தானே பாடி ஆடுவார். அவர் ஆடும் காணொளியை மகளுக்குப் போட்டுக் காட்டுங்கள். அந்த வயதிலும் பாட்டு காலுக்கு முன்னால் ஓடாது, கால் பாட்டுக்கு முன்னால் ஓடாது. இந்தப் பட்டியலில் இருக்கிற எல்லாப் புத்தகத்துக்கும் முன்னுரையாக அதை வைக்கலாம்.

ஜனவரி 4

அரங்கேற்றம் தள்ளிப்போன ஒரு குடும்பம். பெண்ணுக்கு முட்டியில் வீக்கம். மண்டபத்துக்கு முன்பணம் கட்டியாயிற்று, அழைப்பிதழ் அச்சாயிற்று, குழந்தையைப் பல்லைக் கடித்துக்கொண்டு ஆடச் சொன்னார்கள். பாட ஒப்புக்கொண்டிருந்த நான் முடியாது என்றேன். கடைசியில் தள்ளிவைத்தார்கள்.

அதனால் இன்றைக்கு கெல்சி கிர்க்லேண்ட். நியூயார்க்கின் பாலே நட்சத்திரம், 1952-இல் பிறந்தவர், பதினைந்து வயதில், நடனம் அமைப்பதில் பேர் போன பாலன்சினின் குழுவில் சேர்ந்தவர். 1986-இல் அவர் எழுதிய தன்வரலாறு அந்த உலகத்தையே உலுக்கியது. பட்டினி, அறுவை சிகிச்சை, கொகெய்ன் எல்லாவற்றையும் போட்டு உடைத்திருக்கிறார். பாலன்சின் இவருடைய நெஞ்சுக்கூட்டைத் தட்டி, எலும்பு தெரிய வேண்டும் என்று சொன்னதாக எழுதுகிறார். புத்தகம் முழுக்க ஆத்திரம், சில இடங்களில் தன் பக்கத்தை மட்டுமே சொல்கிறார் என்றும் படும். அப்படியிருந்தும் உடம்பு என்ன பாடுபட்டது என்பதை இவ்வளவு பச்சையாகச் சொன்ன நடனக் கலைஞர் குறைவு.

இது மகளுக்கு இப்போது வேண்டாம். தாய்க்கு வேண்டும். நடனம் சொல்லிக்கொடுக்கிறவர்களுக்குக் கட்டாயம் வேண்டும். முட்டியை மடக்கி அரைமண்டியில் ஒரு மணி நேரம் உட்கார வைத்துத் தட்டுக்கழி தட்டுகிற நாம் அந்த முட்டியைப் பற்றி ஒரு வரி எழுதியிருக்கிறோமா? நம்ம ஊர் வாழ்க்கை வரலாறுகளில் யாருக்கும் கால் வலித்ததே இல்லை.

ஜனவரி 5

பாலாவுக்கு உடம்பு முடியாமல் போன காலங்கள் நைட் எழுதியதில் வருகின்றன. அதை விட்டுவிட்டு நேற்றைய கடைசி வரியைப் படிக்காதீர்கள்.

ஜனவரி 17

நந்தனம் புத்தகக் கண்காட்சி போய்வந்தேன். நடனம் என்று கேட்டால் அடவு கற்பிக்கும் வழிகாட்டி, முத்திரைப் படப்புத்தகம், நாட்டிய சாத்திர விளக்கம் இவைதான் முன்னால் வருகின்றன. வாழ்க்கை வரலாறு என்று கேட்டால் தலைவர்கள், விஞ்ஞானிகள், நடிகர்கள். ஒரு கடைப் பையன் மட்டும் "ஆடறவங்களுக்கும் வரலாறு உண்டாக்கா?" என்று உண்மையிலேயே ஆர்வமாகக் கேட்டான். நின்று சொன்னேன். கூட்டம் நகரச் சொல்லும்வரை கேட்டான்.

மடிப்பாக்கத்துத் தோழிக்கு என் வரிசை: முதலில் பாலா, தமிழிலேயே. அது முடிந்ததும் சத்யஜித் ராய் 1976-இல் எடுத்த 'பாலா' படம். கடற்கரையில் காற்று புடவையைப் பிடித்து இழுக்க, 'கிருஷ்ணா நீ பேகனே' ஆடுவார். ஐம்பதைத் தாண்டின வயது. இளமைக் காலத்து ஆட்டம் படமாகவில்லையே என்று எல்லாரும் வருத்தப்படுவார்கள். எனக்கு இந்த வயது ஆட்டமே போதும், கை ஒன்று அசைந்தால் குழந்தை எதிரே வந்து நிற்கிறது. அப்புறம் ருக்மிணி தேவி. 1936-இல் கலாக்ஷேத்ராவைத் தொடங்கியது முதல் மிருகவதைத் தடைச் சட்டம்வரை ஒரு பெண்மணி எத்தனையை இழுத்துப் போட்டுக்கொண்டு செய்திருக்கிறார் என்பதற்காக. சந்திரலேகா இன்னும் நாலு வருஷம் கழித்து. பி. எம். சுந்தரத்தின் இரண்டையும் வீட்டில் எப்போதும் வைத்திருங்கள், டீச்சர் ஒரு உருப்படி சொல்லிக்கொடுத்தால் அது எந்த வழி என்று மகளே தேடிப் பார்க்கட்டும்.

ஒரு நிகழ்ச்சிக்குக் கூட்டிப்போவதே மேல் என்றீர்களே. கூட்டிப்போங்கள். ஓரத்தில் இடம் பிடியுங்கள், மேளக்காரர்கள் பக்கம்.

ஜனவரி 25

எனக்கு வழக்கமாக நட்டுவாங்கம் பண்ணுகிற பெரியவர் ஒருவர் மயிலாப்பூரில் இருக்கிறார். பேர் சொன்னால் கோபித்துக்கொள்வார். தாளம் இரண்டில் ஒன்று இரும்பு, ஒன்று வெண்கலம், அவருடைய வெண்கலத்தின் விளிம்பு ஒரு பக்கம் தேய்ந்து காகிதமாகிவிட்டது. மாற்றலாமே என்றால், "அப்பா அடிச்ச இடம்மா அது" என்பார். அவர் சம்மதித்து, போன வாரம் செல்போனில் பதிவு செய்யத் தொடங்கினேன். நீங்களும் உங்கள் வாத்தியாரிடம் செய்யுங்கள். செய்கிறவர்களுக்கு நான் தெரிந்துகொண்ட சில:

பிறந்த வருஷம், பட்டம், விருது இதிலிருந்து தொடங்காதீர்கள், அவர் மேடைப் பேச்சுக்குப் போய்விடுவார். முதன்முதலில் தாளத்தைக் கையில் கொடுத்தது யார் என்று கேளுங்கள். ஜதி எங்கே உட்கார்ந்து கட்டுவார், நடந்துகொண்டா, பஸ்ஸிலா. யாருக்காகக் கட்டிய ஜதி, அந்தப் பெண் இப்போது எங்கே. எந்தப் பாட்டுக்காரரோடு சண்டை. சம்பளம் எப்படிக் கொடுத்தார்கள், உறையிலா, தாம்பாளத்திலா, அப்புறம் தருகிறேன் என்றா. ஆடத் தெரிந்தும் ஏன் ஆடவில்லை. இந்தக் கடைசிக் கேள்விக்குப் பெரியவர் கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை, அப்புறம் எழுந்து நிகழ்ச்சியில் முதலில் ஆடுகிற அலாரிப்பை முழுசாக உட்கூடத்தில் ஆடிக் காட்டினார். பதிவில் சத்தம்தான் இருக்கிறது, அடுத்த முறை படமாகவே எடுக்கப்போகிறேன்.

இன்னொன்று. வகுப்பில் வாத்தியார் சொன்ன சொல்லுக்கட்டைக் கேசட்டில் பிடித்துவைத்து வீட்டில் ஓட்டிப் பழகின தலைமுறை நாங்கள். அந்தக் கேசட்டுகள் பல வீடுகளில் பரணில் கிடக்கின்றன. பொங்கலுக்குப் பழசைக் கழித்தபோது எத்தனை போயிற்றோ. மிச்சம் வைத்திருக்கிறவர்கள் இங்கே ஒரு வரி எழுதுங்கள். தாம்பரத்திலிருந்து திருவொற்றியூர்வரை எங்கே இருந்தாலும் நானே வந்து வாங்கிக்கொள்கிறேன், பிரதி எடுத்துவிட்டு மூலத்தைத் திருப்பித் தந்துவிடுவேன்.